ஆனை வருஷம்

கல்முனையில் அந்தக் கலியாண மண்டபத்தில் அன்றைக்குக் கலியாணம் எதுவும் இல்லை. ஆனால் வாசலில் நின்ற மோட்டார் சைக்கிள்களைப் பார்த்தால் யாரும் நம்பமாட்டார்கள். நபியவர்கள் பிறந்த றபீஉனில் அவ்வல் மாதத்தை முன்னிட்டு வாசகர் வட்டம் ஒன்று நடத்திய வினாவிடைப் போட்டியின் இறுதிச் சுற்று அது. பரிசு, மக்காவுக்கு ஓர் உம்றாப் பயணம். டிக்கெட், விசா, தங்குமிடம் எல்லாம் அதற்குள் அடக்கம். நூற்றுச் சொச்சம் பேர் எழுதி, வாரம் வாரமாகக் கழிந்துபோய், மேடையில் இரண்டே பேர்தான் மிச்சம். ஆண்கள் பக்க மேசையில் மருதமுனை மிஹ்லார். பெண்கள் பக்க மேசையில் இறக்காமம் றாஹிலா.

மிஹ்லார் வங்கியில் முகாமையாளராக இருந்து ஓய்வு பெற்றவர். கேள்வி முடிவதற்குள் விடை தெரிந்துவிடும் மனிதர். தெரிந்ததை முகத்தில் காட்டாமல் இருக்கத் தெரியாது, அதுதான் ஒரே குறை. றாஹிலா மூன்று ஏக்கர் வயல் செய்கிறவள். அவளுடைய வாப்பா அச்சிமுகம்மது சீதனமாக எழுதிவைத்த பூமி. பொம்பிளை வயல் செய்வதா என்று ஊரில் கேட்டவர்களுக்குப் பதில் சொல்லிச் சொல்லி அலுத்துப்போய், இப்போதெல்லாம் விளைச்சலை மட்டும் காட்டிவிட்டுச் சும்மா இருந்துவிடுகிறாள். புருஷன் றாஸிக் லொறி ஓட்டுகிறவன். வயல் விஷயத்தில் அவளுடைய கட்டளைக்குக் கீழ்ப்பட்டவன். அன்றைக்கும் அவளை மண்டபத்தில் இறக்கிவிட்டு, வரம்போரம் ஆனை வந்து நிற்கிறது என்று வயலுக்கே திரும்பிப் போயிருந்தான்.

றாஹிலாவுக்கு அந்த உம்றா வேண்டும். ஆசைக்கு இல்லை, மக்கத்துத் தெருவில் படம் எடுத்துப் போடுவதற்கும் இல்லை. முதலில் தனக்கு ஓர் உம்றா, அதை முடித்துக்கொண்டு வாப்பாவின் பேரில் ஒன்று. இந்த நிய்யத்தை அவள் மனதில் வைத்தது பன்னிரண்டு வயதில். இப்போது நாற்பத்தைந்து.

அச்சிமுகம்மது போக நினைத்துப் போகாமலே மௌத்தானவர். பாஸ்போட் கையில் இருந்தது, கட்டவேண்டியது எல்லாம் கட்டியாயிற்று. குழுவைக் கூட்டிப்போகிறவர் வீட்டுக்கு வந்து, பத்து நாளில் புறப்படலாமா என்று கேட்டார். சிறுபோக வேளாமை பழுத்து நின்ற நேரம். "வெட்டு முடியட்டும், போவம்" என்றார் அச்சிமுகம்மது. அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை, எந்த விவசாயியும் அதைத்தான் சொல்வான். குழு போனது. ஒன்பதாம் நாள் விடிய, காவலுக்கு வயலோர வாடிக் குடிசையில் படுத்திருந்தவரை ஆனை அடித்துவிட்டது. குழு அங்கே கஃபாவைச் சுற்றிக்கொண்டிருந்த நாளில் இங்கே அவரை அடக்கினார்கள்.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் அந்த வருஷத்துக்கு இலக்கம் கிடையாது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டு என்று மரண அத்தாட்சிப் பத்திரம் சொல்லும். ஆயிரத்து நானூற்றிப் பதின்மூன்று என்று பள்ளிவாசல் கொப்பி சொல்லும். உம்மா சொன்னது 'ஆனை வருஷம்' என்றுதான். தம்பி நடக்கத் தொடங்கினது ஆனை வருஷம். கூரை மாற்றினது ஆனை வருஷத்துக்கு மறு வருஷம். ஊரில் மற்றவர்கள் சூறாவளி வருஷம், சுனாமி வருஷம் என்று எண்ணுவதைப்போலத்தான் இதுவும். அந்த வீட்டுக்கு மட்டும் சொந்தமான கணக்கு என்பதுதான் வித்தியாசம்.

மேடைக்கு வருவோம். ஆளுக்குப் பதினெட்டுப் புள்ளி. சமநிலை. கடைசிக் கேள்வியைக் கேட்க எழுந்தவர் மசூர் சேர். முப்பது வருஷம் கணிதம் படிப்பித்தவர். கேள்விகளைத் தயாரித்ததும் அவர்தான், விடைத்தாளைத் தயாரித்ததும் அவர்தான். போட்டி தொடங்குமுன், மடித்த அந்த விடைத்தாளின் வெளிப்பக்கத்தில் அவரும் தலைவர் ஷரிபுதீன் மௌலவியும் போட்டியாளர்களும் கையெழுத்து வைத்து உறையில் ஒட்டியிருந்தார்கள்.

"அப்றஹாவின் ஆனைப்படை கஃபாவை இடிக்க வந்து அழிஞ்சுபோன வருஷத்துக்கு அறபிகள் ஆனை வருஷம் எண்டு பேர் வெச்சாங்க. நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் பிறந்ததும் அந்த வருஷம்தான். அது எந்த வருஷம்? ஒரு நிமிஷம். அட்டையில எழுதுங்க."

றாஹிலா அட்டையை இழுத்துவைத்தாள். அவளுக்கு இந்தக் கேள்வியில் யோசிக்க ஒன்றுமே இல்லை. நபியவர்கள் மதீனாவுக்கு ஹிஜ்ரத் போனபோது அவர்களுக்கு ஐம்பத்துமூன்று வயது என்று குர்ஆன் ஓதப் போன காலத்தில் மனனம் செய்தது. மார்க்க விஷயத்தை, ஹிஜ்ரத்திலிருந்து எண்ணுகிற மார்க்க வருஷத்தில் சொல்வதுதான் முறை என்று அவளுக்குப் பட்டது. 'ஹிஜ்ரத்துக்கு முந்தி 53' என்று எழுதினாள். மிஹ்லார் 'கி.பி. 570' என்று எழுதிக் கீழே கோடும் இழுத்தார்.

மசூர் சேர் உறையைக் கிழித்தார். "விடை, கி.பி. ஐநூற்றி எழுபத்தொன்று."

மண்டபத்தில் ஒரு சலசலப்பு. இரண்டும் பிழையா? மசூர் சேர் கையை உயர்த்தினார். சமநிலையில் இரண்டும் பிழையானால் கிட்டின விடைக்கே வெற்றி என்று விதி இருந்தது. கைப்பேசியை எடுத்து ஒலிவாங்கிக்குப் பக்கத்திலேயே தட்டினார். "ஹிஜ்ரத் நடந்தது அறுநூற்றி இருபத்திரெண்டு. அதில ஐம்பத்திமூணு போனா ஐநூற்றி அறுபத்தொன்பது. றாஹிலா ராத்தாட விடை ரெண்டு வருஷம் பிழை. மிஹ்லார் நானாட விடை ஒரு வருஷம்தான் பிழை. ஆகவே..."

ஆண்கள் பக்கம் தக்பீர் முழங்கியது. மிஹ்லாருக்கு யாரோ பொன்னாடை போர்த்தினார்கள். பயண முகவர் நிலையத்திலிருந்து வந்திருந்த ஹாதிக் என்ற இளைஞன், பெரிய மட்டையில் அச்சடித்த உம்றாச் சீட்டை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு படத்துக்கு நின்றான். மசூர் சேருக்கும் உற்சாகம் பிடித்துவிட்டது. முன்வரிசையில் விருந்தினராக இருந்த நல்லரெத்தினத்தைப் பார்த்து, "அண்ணன், நீங்க கலண்டர் அடிக்கிற ஆள். இந்த வருஷத்துக்கு மற்றக் கலண்டருகள் என்ன பேர் சொல்லுது?" என்று கேட்டார்.

நல்லரெத்தினம் கல்முனையில் அச்சகம் வைத்திருக்கிறார். ஞாயிறு தவறாமல் மெதடிஸ்த கோயிலுக்குப் போகிறவர். அவர் அடிக்கும் நாட்காட்டியின் மூலையில் எல்லாச் சமயத்து வருஷமும் பொடி எழுத்தில் இருக்கும். அன்றைய சான்றிதழ்களையும் அவர்தான் இலவசமாக அடித்துக் கொடுத்திருந்தார். அழைப்பிதழின் பின்பக்கத்தில் பேனையால் கிறுக்கிவிட்டு எழும்பினார்.

"ஐநூற்றி எழுபத்தொன்று எண்டா சக வருஷம் நானூற்றித் தொண்ணூற்றிமூன்று. கலி வருஷம் மூவாயிரத்து அறுநூற்றி எழுபத்திரெண்டு. புத்த வருஷம் ஆயிரத்து நூற்றிப் பதினாலு, வெசாக் கழிஞ்சா பதினைஞ்சு. தமிழ் வருஷம் அறுபதையும் பின்னால எண்ணிக்கொண்டு போனா கர வருஷம் வருது. எல்லாம் ஒரே வருஷம்தான். பேர்தான் வேற." பேனையை மூடினார். "ஹிஜ்ரியை மட்டும் நான் கணக்குப் பார்த்து அடிக்கிறல்ல. அது நமக்குச் சரிவராது. பள்ளியில கேட்டுத்தான் அடிக்கிறது."

எல்லாரும் சிரித்தார்கள். றாஹிலா சிரிக்கவில்லை. அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு நின்றது. இத்தனை பேருக்கு முன்னால் அழுதுவிடுவேனோ என்ற வெட்கம் அதற்கு மேல். ஆனால் நல்லரெத்தினம் கடைசியாகச் சொன்னது அவளைப் பிடித்துக்கொண்டது. ஏன் அது மட்டும் சரிவராது?

ஏன் என்று அவளுக்குத் தெரியும். வருகிற சனிக்கிழமை வாப்பாவின் கத்தம். வருஷாவருஷம் அவர் மௌத்தான நாளான றபீஉனில் அவ்வல் பிறை இருபதில் ஓதிச் சாப்பாடு கொடுப்பார்கள். அது சில வருஷம் விதைப்பில் வந்தது, சில வருஷம் மழையில் வந்தது, பெருவெள்ளத்தில் சோற்றுச் சட்டியை உழவு மெசினில் ஏற்றிக்கொண்டு போன வருஷமும் உண்டு. இந்த வருஷம்தான், வாப்பா போனதற்குப் பிறகு முதல் தடவையாக, அது சுற்றிக்கொண்டு வந்து சரியாகச் சிறுபோக வெட்டு நேரத்தில் விழுகிறது. ஒரு கிழமையாக அவள் அதையே நினைத்துக்கொண்டு திரிகிறாள்.

அவள் எழுந்தாள். கதிரை பின்னால் இழுபட்ட சத்தம் பெரிதாகக் கேட்டது.

"சேர், கணக்குப் பிழை."

மசூர் சேர் வாழ்க்கையில் கேட்டிராத வசனம். "என்ன பிழை? அறுநூற்றி இருபத்திரெண்டில ஐம்பத்திமூணு போனா..."

"கழிச்சது சரி, சேர். எதில இருந்து எதக் கழிச்சீங்க? ரெண்டு ஏக்கரில இருந்து கால் ஏக்கர் றூட்டு ஒண்டக் கழிச்சா ஒண்டு எண்டா சொல்லுவீங்க?"

பெண்கள் பக்கத்தில் யாரோ குபுக்கென்று சிரித்துவிட்டு வாயைப் பொத்தினார்கள். றாஹிலா தலைவர் பக்கம் திரும்பினாள். ஷரிபுதீன் மௌலவி இறக்காமத்துப் பள்ளியில் இமாமாக இருந்து வயதானவர். அச்சிமுகம்மதுவின் ஜனாஸாத் தொழுகையை நடத்தியவரும் அவர்தான்.

"ஹஸ்ரத், எங்கட வாப்பாட கத்தத்த நீங்க எத்தின தரம் ஓதியிரிக்கீங்க?"

மௌலவி கண்ணை மூடிக்கொண்டார். "முதல் வருஷத்தில இருந்து நான்தான். போன வருஷத்தோட முப்பத்திமூணு. வாற சனிக்கிழம முப்பத்திநாலாவது."

"ஓம். சேர், வாப்பாட மரண அத்தாட்சியில இரிக்கிற திகதி தொண்ணூத்திரெண்டாம் வருஷம் செப்டம்பர் பதினெட்டு. இண்டைக்கு இருபத்தஞ்சாம் வருஷம் செப்டம்பர் ஏழு. எத்தின வருஷமாச்சு?"

"முப்பத்திமூணு," என்றார் மசூர் சேர். பிறகு, கணித வாத்தியார் அல்லவா, "அதுவும் இன்னும் முழுசா ஆகல்ல" என்றும் சேர்த்துக்கொண்டார். சொல்லி முடித்த பிறகுதான் அவருடைய முகம் மாறியது.

"அப்ப ஒரு கத்தம் எப்பிடிக் கூடினது? நாங்க ஒரு வருஷத்துக்கு ரெண்டு தரம் ஓதல்ல. வந்து சாப்பிட்டவங்க இந்த மண்டபத்துக்குள்ளேயே இரிக்காங்க, கேட்டுப் பாருங்க."

இந்த முறை ஆண்கள் பக்கமும் சிரித்தது. நோன்பு வருஷாவருஷம் பதினொரு நாள் முந்தி வருகிறது என்பது அந்த மண்டபத்தில் குழந்தைக்கும் தெரியும். தொழுகை, நோன்பு, பெருநாள், கத்தம் எல்லாம் பிறையில், விதைப்பு, வெட்டு, சம்பளம், பள்ளிக்கூடத் தவணை எல்லாம் மற்றக் கணக்கில் என்று இரண்டு வருஷத்தையும் ஒரே வீட்டில் வைத்துக்கொண்டு வாழ்கிற சனம் இது. வாழ்க்கையில் தடுமாறாத சனம் கைப்பேசியில் தட்டும்போது தடுமாறிவிட்டது. இரண்டும் வருஷம்தானே என்று ஒன்றிலிருந்து மற்றதைக் கழித்துவிட்டார்கள்.

"பிறைக் கணக்கில முப்பத்திநாலு வருஷம் எண்டா மற்றக் கணக்கில முப்பத்திமூணு," என்றாள் றாஹிலா. "அப்ப பிறைக் கணக்கில ஐம்பத்திமூணு?"

நல்லரெத்தினம் ஏற்கெனவே எழுதிக்கொண்டிருந்தார். "ஐம்பத்தொன்றரைக்குக் கொஞ்சம் குறைய," என்று இருந்த இடத்திலிருந்தே சத்தமாகச் சொன்னார். "ஹிஜ்ரி முதலாம் வருஷம் தொடங்கினது அறுநூற்றி இருபத்திரெண்டு ஜூலையில. அதில இருந்து ஐம்பத்தொன்றரையை எடுத்தா..." பேனை நின்றது. "ஐநூற்றி எழுபத்தொன்று, சேர். வருஷத் தொடக்கம். விடைத்தாளில இருக்கிற அதே வருஷம்."

மசூர் சேர் அழைப்பிதழை வாங்கி, ஒரு தடவைக்கு இரண்டு தடவை பார்த்தார். பிறகு ஒலிவாங்கிக்கு முன்னால் வந்து, "பிழை என்னில. மாப்புக் கேக்கிறன்," என்றார். அதைச் சொல்ல அவருக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்தது என்று அவருடைய பழைய மாணவர்கள் எல்லாருக்கும் விளங்கியது.

மிஹ்லார் விட்டுவிடுகிற ஆள் இல்லை. பொன்னாடையைக் கழற்றாமலே எழும்பினார். "ஹஸ்ரத், ஒரு விஷயம். ஹிஜ்ரத்துக்கு முந்தின காலத்தில அறபிகள் இடைக்கிடை ஒரு மாசத்தக் கூட்டி வருஷத்தச் சரிக்கட்டி வந்தவங்க. அப்பிடிப் பாத்தா அந்தக் காலத்து வருஷம் இவ்வளவு சுருங்காது. ராத்தாட கணக்கும் நிக்காது."

றாஹிலாவுக்கு இது தெரியாத விஷயம். மௌலவியைத் திரும்பிப் பார்த்தாள்.

மௌலவி தாடியைத் தடவினார். "நீங்க சொல்றது மெய்தான். அந்த வருஷத்துக்கு அண்டைக்கு ஒரு இலக்கமும் இல்ல. பாத்த சனம் ஆனை வருஷம் எண்டு சொல்லிச்சு, அவ்வளவுதான். இலக்கமெல்லாம் பிறகு வந்தவங்க போட்டது. அதனாலதான் சிலர் எழுபது எண்டும் சிலர் எழுபத்தொண்டு எண்டும் இண்டைக்கு வரைக்கும் எழுதிறாங்க. அத இந்த மேடையில வெச்சுத் தீர்க்க நம்மளால ஏலாது." விடைத்தாளை எடுத்து மிஹ்லாருக்கு முன்னால் வைத்தார். "ஆனா காலையில இதுக்கு நாம நாலு பேரும் கையெழுத்து வெச்ச. இதில எழுபத்தொண்டு எண்டு இரிக்கி. நீங்க எழுதினது எழுபது. புள்ள எழுதினது, நாம இப்ப கதைக்கிற ஹிஜ்ரிக் கணக்கில, எழுபத்தொண்டில வந்து நிக்கிது. நியாயம் என்னண்டு நீங்களே சொல்லுங்க."

மிஹ்லார் விடைத்தாளில் தன்னுடைய கையெழுத்தைப் பார்த்தார். வங்கியில் இருந்தவருக்குக் கையெழுத்து என்றால் என்னவென்று தெரியும். பொன்னாடையைக் கழற்றி மடித்து மேசையில் வைத்தார். "ராத்தாவுக்குக் குடுங்க," என்றார். முகத்தில் ஏமாற்றம் அப்படியே தெரிந்தது. அதை அவர் மறைக்கவும் இல்லை.

பெண்கள் பக்கம் எழும்பிய சத்தம் பிரதான வீதி வரைக்கும் கேட்டிருக்கும். றாஹிலா அழுதாள். இப்போது அழுவதில் வெட்கம் ஒன்றும் இல்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துத் துடைத்து அழுதாள்.

எல்லாம் அடங்கிய பிறகு, ஹாதிக் படிவத்தோடு மேசைக்கு வந்தான். மௌலவியும் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "பாஸ்போட் இரிக்கா ராத்தா?" இருக்கிறது. ஏழு வருஷத்துக்கு முந்தி எடுத்தது, ஒரு முத்திரையும் விழாதது. "கூட யாரும் வாறாங்களா?" தம்பி ஜித்தாவில் டிரைவர். அவன் அங்கே வந்து நிற்பான்.

"ரெண்டு குழு இரிக்கி. ஒண்டு வாற பதினாறாம் திகதி. மற்றது நவம்பர் கடைசி. எதில போடட்டும்?"

அவள் வாயைத் திறக்குமுன் கைப்பேசி அடித்தது. றாஸிக். வயலிலிருந்து பேசுகிறான், பின்னால் ஆனை விரட்டும் வெடிச் சத்தம். "மூணு நிக்கிது, கீழ்ப் பக்கத்து வரம்போட. வெட்டு மெசின்காரன் இருபதாம் திகதிக்கு முந்தி வர ஏலாதாம். அது மட்டும் நாம ரெண்டு பேரும் மாறி மாறி நிண்டாத்தான் சரி. போட்டி என்னாச்சு?"

"பொறுங்க," என்றாள் றாஹிலா. கைப்பேசியைக் காதிலிருந்து எடுக்காமலே கணக்குப் பார்த்தாள். பதினாறு போனால் வயலில் அவன் ஒருத்தன். மூன்று ஏக்கரும் பழுத்து நிற்கிறது. ஆறு மாதச் சாப்பாடு. நவம்பர் என்றால் எல்லாம் முடிந்துவிடும். நெல் வீட்டுக்கு வந்துவிடும். நிம்மதியாகப் போகலாம். இதில் யோசிக்க என்ன இருக்கிறது? ஹாதிக்கைப் பார்த்தாள்.

"வெட்டு முடியட்டும், தம்பி..."

சொன்னது அவள்தான். ஆனால் அந்த வசனம் அவளுடையது இல்லை. பன்னிரண்டு வயதில், கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்று கேட்ட வசனம். இதே மாதம், இதே வெட்டு, வரம்போரத்தில் இதே ஆனை. முப்பத்துமூன்று வருஷமும் முப்பத்துநான்கு வருஷமும் சுற்றிவந்து ஒரே இடத்தில் நின்றுகொண்டு அவளையே பார்த்தன. பக்கத்தில் மௌலவியின் கையில் தஸ்பீஹ் மணி உருளுவது நின்றுவிட்டது. அவருக்கும் அந்த வசனம் தெரியும்.

"நவம்பரில போடவா ராத்தா?" என்று கேட்டான் ஹாதிக்.

"இல்ல. பதினாறாம் திகதி போடுங்க."

கைப்பேசிக்குள்ளிருந்து றாஸிக் கத்தினான். "என்ன பதினாறு? அப்ப வேளாமை?"

"நீங்க வாடியில படுக்காதீங்க. இரவைக்கு வீட்ட வந்திருங்க," என்றாள் றாஹிலா. "வேளாமைய ஆனை திண்டா திங்கட்டும்."

ஹாதிக் பதினாறு என்று எழுதினான்.